சிவப்புச் சிலுவை

அந்த ஆளின் கண் கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்த வாளின் மேல் இல்லை. இஸ்ரத்தின் தலைத்துணி மேல்தான் இருந்தது.

மொட்டைத் தலை, தூண் மாதிரி கை. முழங்கைக்குக் கீழே ஒரு சிவப்புச் சிலுவையைப் பச்சை குத்தியிருந்தான். பெட்டிக்குள் தொங்கிய வெள்ளை அங்கியிலும் அதே சிலுவை.

டாலஸுக்குப் பக்கத்தில் இருந்த அந்தச் சின்ன மியூசியத்தில் டெம்ப்ளர்கள் பற்றிய கண்காட்சி. துறவிகளாகவும் போர்வீரர்களாகவும் ஒரே நேரத்தில் வாழ்ந்த கிறிஸ்தவர்கள். ஜெருசலேமுக்காக முஸ்லிம் படைகளோடு கிட்டத்தட்ட இருநூறு வருடம் மோதியவர்கள். அவர்களைப் பற்றி ஆறு வருடம் ஆராய்ச்சி செய்து டாக்டர் பட்டம் வாங்கிய இஸ்ரத், அங்கே காண்ட்ராக்ட் கைடு. வேலையை நிரந்தரமாக்கும் கடிதம் இன்று சாயங்காலம் கைக்கு வரும் என்று டைரக்டர் சொல்லியிருந்தார்.

"கடைசியில் இவர்களை ஒழித்தது யார்? உங்கள் ஆட்களா?" அந்த ஆள் ஆங்கிலத்தில் கேட்டான். சுற்றி நின்ற இருபது பேரும் இஸ்ரத்தைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"இல்லை. பிரான்ஸின் கிறிஸ்தவ ராஜா. இவர்களோடு ஒன்றாக இருந்த ஒருவன் போய்க் கோள் சொன்னான். ஒரே விடியற்காலையில் நாடு முழுக்கப் பிடித்து உள்ளே போட்டார்கள்."

அவன் தலையை மட்டும் ஆட்டினான். பார்வையை எடுக்கவில்லை.

டூர் முடிந்ததும் அறுபது வயது மதிக்கத்தக்க ஒருவர் மனைவியோடு நெருங்கி வந்தார். "தமிழாம்மா? மூஞ்சியப் பாத்ததுமே நெனச்சேன். ஐயாம் ஜெயபிரகாஷ். கும்பகோணம். இங்க பக்கத்து டவுன் ஆலன்ல பையன் வீட்டுல இருக்கோம்."

"நான் நாகூர், அங்கிள்."

"அட, பக்கத்து ஊரு! பிரமாதமா explain பண்ணேம்மா. ஃபுல் நேம் என்ன, சொல்லு. Feedback எழுதாம நான் போறதா இல்ல."

இஸ்ரத்துக்கு மனசு குளிர்ந்தது. எழுத்துக் கூட்டிச் சொன்னாள். அவர் கவனமாக போனில் குறித்துக்கொண்டார்.

மூன்று மணிக்கு டைரக்டர் கூப்பிட்டு அனுப்பினார். மேஜை மேல் கடிதம் எதுவும் இல்லை. "உங்கள் மேல் ஒரு புகார் வந்திருக்கிறது. மதப் பிரசாரம் செய்கிறீர்களாம். கிறிஸ்தவர்களைக் கேவலப்படுத்திச் சிரிக்கிறீர்களாம். விசாரணை முடியும் வரை நீங்கள் வர வேண்டாம்."

"யார் கொடுத்தது?"

"அதைச் சொல்ல முடியாது."

சொல்ல வேண்டியதே இல்லை. பையைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தால், லாபியில் அந்த மொட்டைத் தலை ஆள் இன்னும் உட்கார்ந்திருந்தான். அவளைப் பார்த்ததும் எழுந்து நேராக வந்தான். இஸ்ரத்தின் உடம்பு பற்றி எரிந்தது.

வாசலில் நின்ற காவலரைக் கூப்பிட்டாள். "இந்த ஆள் ஒரு வாரமாக என்னைப் பின்தொடர்கிறார். எனக்குப் பயமாக இருக்கிறது."

அவனை இன்றைக்குத்தான் முதல்முறை பார்க்கிறாள். ஆனாலும் பொய் தடுமாறாமல் வந்தது.

அவன் திகைத்துப் போய் நின்றான். "நான் வந்து..." என்று தொடங்கியவனின் தோளைக் காவலர் பிடித்தார். இனிமேல் இந்தக் கட்டடத்துக்குள் காலெடுத்து வைக்கக் கூடாது என்று சத்தமாகவே சொல்லி வெளியே கொண்டுபோய் விட்டார். எல்லோரும் வேடிக்கை பார்த்தார்கள். பார்க்கிங்கில் அவன் ஒரு முறை திரும்பிப் பார்த்தான். ட்ரக்கில் ஏறிப் போய்விட்டான்.

பல நாளுக்குப் பிறகு மூச்சு விட்டது போல் இருந்தது இஸ்ரத்துக்கு.

டிக்கெட் கவுண்டரிலிருந்து ஸ்ம்ருதி ஓடி வந்தாள். முகம் வெளுத்திருந்தது. "ஏன் இஸ்ரத் அப்பிடிப் பண்ணே? அவர் ரெண்டு மணி நேரமா உனக்காக wait பண்ணிட்டு இருந்தாரு."

"எனக்காகவா? Complaint குடுத்துட்டு எதுக்கு wait பண்ணணும்?"

ஸ்ம்ருதி, அவர் எழுதிக் கொடுத்த ஒரு தாளை நீட்டினாள். அந்த கைடு பெண் அப்படி ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை, எங்கே வேண்டுமானாலும் வந்து சாட்சி சொல்கிறேன் என்று கொட்டை எழுத்தில் எழுதி, கீழே பெயரும் போன் நம்பரும்.

"கவுண்டர்ல இங்கிலீஷ்ல complaint சொல்லி எழுதிக் குடுக்கும்போது இவர் பின்னாடி queue-ல நின்னு கேட்டுட்டாரு. 'It's a lie'ன்னு பெரிய சண்டையே போட்டாரு. டைரக்டர் வாயத் தெறக்கக் கூடாதுன்னுட்டாங்க, அதான் உன்கிட்ட நான் சொல்லல."

இஸ்ரத் தாளை இன்னொரு முறை படித்தாள். "அப்ப complaint குடுத்தது யாரு?"

"கும்பகோணத்து அங்கிள்."