கட்டிலில் கிடந்த முதலாளி

கிளென் வேவர்லியில் 2012இல் ஒரு கலியாண வீடு. பாரிசில் இருந்து ஒரு நாள் முழுக்கப் பறந்து வந்த றம்யாவோடு ஒரே மேசையில் இருந்து சாப்பிடமாட்டேன் என்று கிறகோரி ஒற்றைக் காலில் நின்றார். "வந்த இடத்தில மானத்தை வாங்காதேங்கோ," என்று மனைவி மாக்கிறேட் கெஞ்சியும் பார்த்தாள்.

காரணம் இல்லாமல் இல்லை. றம்யா பிரெஞ்சுத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றுக்குக் கதை எழுதுகிறவள். எங்கட ஆக்களில் அந்த உயரத்துக்கு ஏறினது அவள் ஒருத்திதான். பாரிசில் தனிக்கட்டையாய் இருக்கிற கிறகோரியின் தமையன் தேவராஜா அதே தொடரில் பலசரக்குக் கடை முதலாளியாக நடிக்கிறவர்.

கிறகோரிக்குப் பிரெஞ்சு ஒரு சொல்லும் தெரியாது. ஆனாலும் கிழமை தவறாமல் கொம்பியூட்டரில் பார்த்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிய எல்லாரையும் மறித்து வைத்துக் கதை சொல்வார். பாவம், மனிசனுக்கு அதில் அவ்வளவு பெருமை.

போன வருசம் தொடரில் கடை முதலாளியைக் கார் ஒன்று அடித்தது. அன்றைக்குப் படுத்தவர்தான். வாறவன் போறவன் எல்லாம் கட்டிலடியில் இருந்து தன் இரகசியத்தைச் சொல்லி அழுதுவிட்டுப் போகிறான். முதலாளி கண் திறக்கிற பாடில்லை. உங்கட அண்ணர் இன்னும் எழும்பேல்லையோ என்று கோயிலடி முழுக்க ஒரே நக்கல்.

சாப்பாடு முடிய, றம்யாவே தேடி வந்தாள்.

"அங்கிள், நீங்கள் தேவராஜா அங்கிளின்ர தம்பியெல்லே?"

"ஓம். நீர் படுக்கப் போட்ட மனிசன்ர தம்பிதான். ஒரு தமிழன் ரீவியில முகம் காட்டினது உமக்குப் பொறுக்கேல்லை. பெரிய ஆளாய் வந்தவுடன முதல்ல எங்கட சனத்தைத்தான் மிதிக்கிறது."

பக்கத்தில் நின்றவர்கள் ஐஸ்கிறீமை மறந்துவிட்டுப் பார்த்தார்கள்.

றம்யா கோபப்படவில்லை. "அவரோட கடைசியா எப்ப கதைச்சனீங்கள்?" என்று கேட்டாள்.

"கதைக்க என்ன கிடக்கு? கிழமைக்குக் கிழமை ஆளைப் பாக்கிறன்தானே."

"போன வருசம் அவருக்குப் பாரிசவாதம் வந்தது, அங்கிள். நடக்கவும் ஏலாது, கதைக்கவும் ஏலாது. அந்த வேசத்தைச் சாகடிச்சு விடச் சொல்லிக் கொம்பனி சொன்னது. ஆஸ்பத்திரியில அவர் என்ர கையைப் பிடிச்சபடி விடுறாரில்லை. அவரை நிப்பாட்டினால் நானும் எழுதமாட்டன் எண்டு போய்ச் சொன்னனான்."

கிறகோரி ஒரு கதிரையை இழுத்து அவளுக்குப் போட்டார்.

"அந்தக் கட்டிலில கண்ணை மூடிக்கொண்டு கிடக்கிறாரெல்லே, அங்கிள்," என்றாள் றம்யா. "கண்ணை மூடுறது மட்டும்தான் நடிப்பு."