பின்வாசல் சாட்சி

"சாட்சி இல்லாம ஒரு நீதிபதியைப் பதவியிலேருந்து இறக்க முடியாதும்மா. உங்க கோபம் எனக்குப் புரியுது. ஆனா கோபத்தை வெச்சுக்கிட்டு நான் என்ன எழுதறது?"

விசாரணைக் குழுவின் தலைவர் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். அவருக்கு இரு பக்கமும் இரண்டு மூத்த நீதிபதிகள். எதிரே, புகாருக்கு ஆளான நீதிபதி யாருடைய வழக்கையோ வேடிக்கை பார்க்க வந்தவர்போலக் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார்.

அதைப் பார்க்கப் பார்க்கப் பொறுக்காமல், புகார் கொடுத்த அவள் எழுந்து நின்றாள்.

"பாய்லர் வெடிச்சு என் புருஷன் வெந்து செத்தாருங்க. அது ஓட்டை பாய்லர்னு தொழிற்சாலைக்கே தெரியும். குடிச்சிட்டு வேலை பார்த்தான், தப்பு அவன் மேலதான்னு இவரு தீர்ப்பு எழுதிட்டாரு. ஒரு சொட்டு தொட்டவர் இல்லைங்க எம் புருஷன்! முதலாளி இவரு வீட்டுக்குப் போயிட்டு வந்த மறுவாரமே தீர்ப்பு வந்துச்சு. இதைக் கேக்க நாதியே இல்லையா?"

"வீட்டுக்குப் போனதை யாரும்மா பார்த்தது?"

பார்த்தவர்கள் இருந்தார்கள். ஆனால் நீதிபதியின் டிரைவருக்குத் திடீரென்று ஞாபக மறதி வந்துவிட்டது. கோர்ட் குமாஸ்தா லீவு போட்டுவிட்டுப் போனவர் போனவர்தான். தொழிற்சாலைக் காவலாளி இன்று வாசல்வரை வந்தார். உள்ளே நீதிபதியின் குரல் கேட்டதும் செருப்பை மாட்டிக்கொண்டு நடையைக் கட்டிவிட்டார்.

"பார்த்தவங்க ஒருத்தங்க வெளியில உக்காந்திருக்காங்க" என்றாள் அவள். "கூப்பிடட்டுங்களா?"

தீர்ப்பு வந்த அன்று ஆத்திரம் தாங்காமல் அவள் நீதிபதியின் வீட்டுக்கே போயிருந்தாள். முன்வாசலில் போலீஸ்காரர் விரட்டவே, சுற்றிக்கொண்டு பின்பக்கம் போனாள். அங்கே குழாயடியில் சாயம் போன சேலையும் ஈரக் கையுமாக ஒரு அக்கா குவியல் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். அழுதவளை உட்காரவைத்துத் தண்ணீர் கொடுத்தாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அந்த முதலாளி வந்தப்ப நான் உள்ளதான் இருந்தேன்" என்றாள்.

"வந்து சொல்லுவீங்களாக்கா? உங்க வேலை போயிடுமே!"

"இந்த வேலையா?" அந்த அக்கா வாய்விட்டுச் சிரித்தாள். "போனா போகட்டும். மத்தவங்க எல்லாரும் வாயை மூடிக்கிட்டா என்னைக் கூப்பிடு."

இப்போது அந்த அக்கா அறைக்குள் நுழைந்தாள். நீதிபதியின் கால் தானாகக் கீழே இறங்கியது. முகத்தில் ஈயாடவில்லை. அவர் பதறி எழப்போக, "நீங்க உக்காருங்க சார், நான் பாத்துக்கறேன்" என்று அவருடைய வக்கீல் தோளை அமுக்கி உட்காரவைத்தார்.

"பார்த்ததைச் சொல்லுங்கம்மா" என்றார் தலைவர்.

"அந்த முதலாளி கூடத்துல உக்காந்திருந்தாருங்க. நான் காபி கொண்டு போனேன். 'குடிச்சிருந்தான்னு எழுதிடுங்க, செத்தவன் வந்து மறுக்கவா போறான்?'னு அவன் சொன்னான். ரெண்டு பேரும் சிரிச்சாங்க. எங்க வீட்டு மாடியைக் கட்டிக் கொடுத்ததும் அவன் ஆளுங்கதான்."

புகார் கொடுத்தவள் புடவைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டாள். இறந்தவனை வைத்துச் சிரித்திருக்கிறார்கள்!

வக்கீல் துள்ளி எழுந்தார்.

"'எங்க வீடு'ன்னு உரிமையோட சொல்றீங்களே, அந்த வீட்டுல உங்களுக்கு என்ன வேலை?"

"சமையல், பாத்திரம், துணி, வீடு கூட்டித் துடைக்கிறது. எல்லாம் நான்தாங்க."

"எத்தனை வருஷமா?"

"இருபது வருஷத்துக்கு மேல ஆச்சு."

"என்ன சம்பளம்?"

"சம்பளமா? ஒரு பைசா கையில வாங்கினதில்லைங்க."

நீதிபதி வக்கீலின் கறுப்பு அங்கியைப் பிடித்து இழுத்தார். வக்கீல் அதைத் தட்டிவிட்டார். வாதம் சூடு பிடிக்கும்போது கட்சிக்காரர் குறுக்கிடுவது அவருக்குப் பிடிக்காது.

"பார்த்தீங்களா ஐயா! சம்பளம் கிடைக்காத ஆத்திரத்துல பழி வாங்க வந்திருக்காங்க. ஒரு வேலைக்காரி பேச்சைக் கேட்டு நீதிபதியைத் தூக்குவீங்களா?"

தலைவர் மேஜையை ஓங்கித் தட்டினார். அவர் கழுத்து நரம்பு புடைத்திருந்தது.

"உட்காருங்க வக்கீல் சார்! கூலிக்காரங்க வழக்கையெல்லாம் விசாரிச்சுத் தீர்ப்புச் சொல்ற மனுஷன், சொந்த வீட்டுல ஒரு பொம்பளையை இருபது வருஷம் சும்மா வேலை வாங்கியிருக்காரு. இதையும் சேர்த்துத்தான் எழுதப் போறேன். ஏம்மா, வீட்டுக்கு யாராவது வந்தா உங்களை மரியாதையா நடத்துவாரா?"

"காபியை வெச்சதும் உள்ள போயிடணும். பெரிய மனுஷங்க எதிர்ல நிக்கற மூஞ்சியா இதுன்னு கேப்பாரு. அவரோட வெளியில எங்கயும் போனதில்லை. அதனாலதான் உங்க யாருக்கும் என்னைத் தெரியலை."

இரு பக்க நீதிபதிகளும் தலைவரைப் பார்த்துத் தலையசைத்தார்கள். பதவி நீக்கத்துக்குப் பரிந்துரை எழுதப் பேனாவைத் திறந்தார் தலைவர். ஆனாலும் மனசு ஆறாமல் மறுபடி நிமிர்ந்தார்.

"சம்பளமும் இல்லை, மரியாதையும் இல்லை. வேலையை விட்டுட்டு வேற வீடு பார்த்துப் போயிருக்கலாமேம்மா?"

அந்த அக்கா முதன்முறையாகத் திரும்பி நீதிபதியை நேருக்கு நேர் பார்த்தாள்.

"வேலைக்காரியா இருந்திருந்தா எப்பவோ போயிருப்பேங்க" என்றாள். "நான் அவரோட பொண்டாட்டி."