பதினோரு விநாடி

செத்தவர் கண்ணில் ஆயுள் முழுக்கப் பொருத்தியிருந்த கேமராவின் பதிவை, பதினாறாம் நாள் காரியத்துக்குள் அரைமணிப் படமாக வெட்டித் தருவதுதான் எடிட்டர் இளம்பரிதியின் இன்றைய பிழைப்பு. இந்த வாரம் இது மூன்றாவது சாவு. கண் எரிந்தது.

"அவர் என்னைப் பார்த்ததை மட்டும் விட்டுடாதே தம்பி" என்று கேட்டிருந்தாள் விதவை குமுதவல்லி.

நாற்பது வருடத் தாம்பத்தியத்தில் சிதம்பரநாதன் அவள் முகத்தைப் பார்த்தது மொத்தமே பதினோரு விநாடி. மிச்சமெல்லாம் செய்தித்தாள், சாப்பாட்டுத் தட்டு, டிவி. இளம்பரிதி பெருமூச்சு விட்டான். முன்பு டிவி சீரியல்களுக்கு எடிட்டிங் பார்த்தபோது செய்தது போல ஒவ்வொரு பார்வையையும் மும்முறை ஓட்டிவைத்தான்.

குமுதவல்லி வந்து பார்த்தாள்.

"அந்த மனுஷன் ஒரு தடவை பார்த்தாலே அதிசயம். மூணு தடவையா?"

"எடுத்துடட்டுமாம்மா?"

"வேணாம். நாளைக்கு நாத்தனாருங்க வர்றாளுங்க. நாலு தடவையா ஆக்கிடுப்பா."