குறுக்கிடாமல்

அந்த ஆள் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தான். காலணியெல்லாம் பனி. நின்றபடியே பேசினான்.

"மன்னிக்கணும். கார் நின்னு போச்சு. என் பொண்டாட்டி உள்ள இருக்கா. அவளுக்குக் குளிர் ஆகாது. யாராவது கொஞ்சம் வர முடியுமா?"

நாங்கள் கண்களை மூடிக்கொண்டோம்.

நாங்கள் குவேக்கர்கள், கிறிஸ்தவத்தில் ஒரு சிறு பிரிவு. ஞாயிறு காலையில் எங்களுக்குப் பாதிரியார் கிடையாது, பாட்டு கிடையாது. வட்டமாக நாற்காலி போட்டு மௌனமாக உட்கார்ந்திருப்போம். யாருக்குள்ளாவது ஆவியானவர் அசைந்தால் அவர் எழுந்து நின்று பேசுவார். மற்றவர்கள் பதில் சொல்லக் கூடாது. சொன்னது உள்ளே இறங்கும்வரை காத்திருக்க வேண்டும்.

அவன் நின்றுகொண்டு பேசினான். எனவே காத்திருந்தோம்.

தவிர, அந்த மாதத்தின் கேள்வி சுவரில் ஒட்டியிருந்தது. மாதம் ஒரு கேள்வி வைத்து எங்களை நாங்களே சோதித்துக்கொள்வது வழக்கம். 'நம்மிலிருந்து வேறுபட்டவரின் குரலைக் குறுக்கிடாமல் கேட்கிறோமா?' சமூக நீதிக் குழு இலையுதிர் காலம் முழுவதும் உட்கார்ந்து எழுதியது. 'குறுக்கிடாமல்' என்ற சொல்லுக்காக மட்டும் தனியாக ஒரு கூட்டம் நடந்தது.

அவன் கறுப்பினத்தவன். எங்களில் கறுப்பினத்தவர் யாரும் இல்லை. அன்றைக்கு.

யாரும் குறுக்கிடவில்லை.

அவன் ஒவ்வொரு முகமாகப் பார்த்தான்.

"ஹலோ? இன்னொரு கார்லேர்ந்து பேட்டரிக்கு மாட்டுற கேபிள் இருந்தாக்கூடப் போதும். பேட்டரி செத்துப் போச்சு. போன்லயும் சார்ஜ் இல்ல."

ஒரே கூட்டத்தில் ஒருவர் இரண்டாம் முறை பேசுவது எங்களிடம் அழகில்லை. ஆனாலும் யாரும் முகம் சுளிக்கவில்லை. வரலாறு இத்தனை காலம் அவனைப் பேச விடாததை நினைத்துக்கொண்டோம். ஹன்னா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

கதவோரம் இருந்த எலியாஸ் மெதுவாக எழுந்தார். எண்பதைத் தாண்டியவர். போருக்குப் போக மறுத்துச் சிறையில் இருந்தவர்.

"இந்த நண்பர் சொன்னது என்னை உலுக்கிடுச்சு. நானும் பேட்டரி செத்த வண்டிதான். எனக்குள்ளயும் ஒருத்தர் குளிர்ல காத்துக்கிட்டிருக்கார். நான்தான் போய்ப் பார்க்கல."

உட்கார்ந்தார். மௌனம் இன்னும் ஆழமானது. அந்த வருடத்தின் மிகச் சிறந்த கூட்டம் அதுதான் என்று பிறகு பலர் சொன்னார்கள்.

ஜன்னலுக்கு வெளியே எங்கள் கார்கள் வரிசையாக நின்றன. எல்லாவற்றின் டிக்கியிலும் கேபிள் இருந்தது. பென்சில்வேனியாவில் ஜனவரி மாதம் கேபிள் இல்லாமல் யாரும் காரை எடுப்பதில்லை. அவனைத் தவிர.

அவன் எலியாஸுக்குப் பக்கத்தில் காலியாக இருந்த நாற்காலியில் உட்கார்ந்தான். அத்தனை பேர் அவ்வளவு அமைதியாக இருக்கும்போது நின்றுகொண்டிருப்பது அவனுக்கு மரியாதையாகப் படவில்லை. அறையும் கதகதப்பாக இருந்தது.

மறுபடி கதவு திறந்தது.

இரண்டு கோட்டுகளுக்குள் ஒரு மெலிந்த பெண். காதுவரை இழுத்துவிட்ட கம்பளித் தொப்பி. புருவங்கள் இல்லை. மணிக்கட்டில் ஆஸ்பத்திரிப் பட்டை.

"கேபிள் வாங்கிட்டு வாய்யான்னு அனுப்பினா, மதம் மாறிட்டு உக்காந்திருக்கியா?"

அதையும் உள்ளே இறங்க விட்டோம்.

அவள் எங்களுக்காகக் காத்திருக்கவில்லை. கைக்கு முதலில் எட்டியவர் எலியாஸ். அவர் கையைப் பிடித்துக் குலுக்கினாள்.

"நான் ஷரீஸ், தாத்தா. உங்க ஜெபத்தைக் கெடுக்க வரல. கார்தான் கெட்டுப்போச்சு."

எங்கள் கூட்டம் மணி அடித்து முடிவதில்லை. எலியாஸ் பக்கத்திலிருப்பவரின் கையைக் குலுக்குவார். அதுதான் முடிவு.

எலியாஸின் கை குலுங்கியது. கூட்டம் முடிந்தது.

வட்டம் முழுவதும் நாங்கள் கைகுலுக்கிக்கொண்டோம். அதன் பிறகுதான் எங்களுக்குக் காது கேட்டது.

எல்லோரும் ஒரே நேரத்தில் சாவியைத் தேடினோம். யாருடைய கேபிளை எடுப்பது என்பதில் ஒருமித்த கருத்து வரவில்லை. நாங்கள் ஓட்டெடுப்பு நடத்துவதில்லை. கடைசி ஆளும் சம்மதித்தால்தான் முடிவு.

"நிதானமாப் பேசி முடிங்க," என்றாள் ஷரீஸ். "அதுக்குள்ள எனக்கு முடியே வளந்துடும்."

ஹன்னாதான் முதலில் சிரித்தாள். பிறகு தன் கோட்டைக் கழற்றி அவளுக்கு மூன்றாவதாகப் போர்த்தினாள். கார் கிளம்பியது.

ஷரீஸ் ஏப்ரலில் இறந்தாள். அன்றைய குளிருக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்றார் டாக்டர். நினைவுக் கூட்டம் இங்கேதான் நடந்தது. அவளே சொல்லி வைத்திருந்தாள். "அங்கயே வச்சிடு. யாரும் அவசரப்பட்டு எந்திரிச்சுப் பொய் சொல்ல மாட்டாங்க."

யாரும் சொல்லவில்லை.

சுவரில் இப்போது வேறு கேள்வி. ஆறுகளைப் பற்றி.

கதவோரத்து நாற்காலியில்தான் ஒவ்வொரு ஞாயிறும் உட்கார்கிறேன். எலியாஸ் என் கையைக் குலுக்கும்போது கூட்டம் முடிகிறது. என் டிக்கியிலும் இப்போது கேபிள் இருக்கிறது.

கேபிள் கேட்ட அன்றைக்குப் பிறகு நான் எழுந்து பேசியதில்லை.

யாரும் குறுக்கிடுவதில்லை.