யாரும் குடியில்லாத வீடு

கடைக்குப் போய்வந்த இளவேனிலுக்கு வீட்டுக் கதவு திறக்கவில்லை.

"நான் நீதிமன்றம் நியமித்த ரிசீவர். பாகப்பிரிவினை வழக்கு முடியும்வரை இந்த வீடு என் பொறுப்பு" என்றது கதவிலிருந்த இயந்திரம்.

"நான் இங்கதானே குடியிருக்கேன்?"

"யாரும் குடியில்லை என்று இன்னொரு உரிமையாளர் மகிழன் சத்தியம் செய்திருக்கிறார்."

மகிழன் அவள் தம்பி. அறுவைச் சிகிச்சைக்குப் பிறகு நான்கு மாதம் இதே வீட்டில் அவனுக்குக் கஞ்சி ஊட்டியவள் அவள். உடனே அவனைப் போனில் அழைத்தாள்.

"வக்கீல் அப்படித்தான் சொல்லச் சொன்னாரு, அக்கா" என்றான்.

போனை வைத்தாள். ஆட்சேபணை பதிய வேண்டும் என்று இயந்திரத்திடம் சொன்னாள்.

"யார் மீது?"

"என் தம்பி மேல."

"உறவுமுறை பதிவாகாது. பெயரைச் சொல்லுங்கள்."

கடைப் பையைக் கீழே வைத்தாள். பிறகு அந்தப் பெயரை எழுத்தெழுத்தாகச் சொன்னாள்.