காரணம் என்ற கட்டம்

அடையாள அட்டைப் படத்துக்கு அடர்நிறச் சட்டைதான் வேண்டும் என்பதால் அப்பாவின் நீலச் சட்டையைப் போட்டுக்கொண்டு, அப்பா வைத்த பெயரை மாற்ற ஆயர் குரோ பதிவு அலுவலகத்தில் உட்கார்ந்திருக்கிறேன். பக்கத்தில் அப்பா. குருபோங்கிலிருந்து கார் ஓட்டி வரும்போதே புதுப் பெயரை “தர்வின், தர்வின்” என்று சொல்லிப் பழகிவிட்டு, “நாக்கு சுளுக்குதுலா, ஆனா நல்லாத்தான் இருக்கு” என்றவர், இப்போதும் உதட்டை அசைத்துக்கொண்டிருக்கிறார். காளியப்பன் என்ற பெயருக்கு எண் சரியில்லை என்று ஜோசியர் சொன்னதாக அவரிடம் சொல்லியிருக்கிறேன். நான் எந்த ஜோசியரையும் பார்த்ததில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் முக்காடு போட்ட மலாய்க்கார அக்கா என் படிவத்தில் விரலை ஓட்டுகிறார். காரணம் என்ற கட்டத்தில் விரல் நிற்கிறது. “மாலு?” என்று சத்தமாக வாசிக்கிறார். மலாயில் அதற்கு வெட்கம் என்று பொருள். முப்பது வருடம் லாரி ஓட்டிய அப்பாவுக்கு என்னைவிட நன்றாகவே மலாய் தெரியும். எங்கோ ஒரு முத்திரை டப்பென்று விழுகிறது. நான் சட்டையின் கடைசிப் பொத்தானைத் திருகுகிறேன். அப்பா தைத்த பொத்தான், அதில் மட்டும் நூல் வெள்ளை. அவர் கண்ணாடிப் பக்கம் சாய்ந்து, எண் சரியில்லை, அவ்வளவுதான் என்று மலாயில் சொல்கிறார். என் பொய் அவர் வாயில் உண்மைபோலவே இருக்கிறது. அக்கா தலையாட்டிவிட்டு, தகப்பன் பெயர் அப்புசாமி, அதில் மாற்றம் இல்லையே என்று கேட்கிறார். அப்பா என் பக்கம் திரும்பி மெதுவாகக் கேட்கிறார். “அப்புசாமி இருக்கலாமா தம்பி, இல்ல அதுவும் மாலுவா?”