சிவப்பு எழுத்து

மரங்கொத்திக்கு அலகு சும்மா இருக்காது. கணினியில் புள்ளிவிவர நிரல் எழுதப் பழகத் தொடங்கியதிலிருந்து அது இன்னும் மோசம். எந்த மரத்தில் கூடு கட்டினால் குஞ்சுகள் பிழைக்கும் என்று கண்டுபிடிக்க, காடெல்லாம் பறந்து கூடு கூடாக விசாரித்துத் தகவல் சேர்த்திருந்தது. ஆனால் நிரலை ஓட்டும்போதெல்லாம் திரையில் சிவப்பு எழுத்தில் பிழை வந்து நின்றது.

பக்கத்துக் கிளையில் மைனா நிலைகொள்ளாமல் நடந்தது. "அண்ணே, எனக்கு முட்டையிடுற நேரம் வந்தாச்சு. ஏதாவது ஒரு மரத்தைச் சொல்லுங்களேன்!"

"இரும்மா, அவசரப்படுத்தாதே!"

மரங்கொத்தி கமாவை மாற்றியது, அடைப்புக்குறியைச் சேர்த்தது, பாடம் சொல்லும் வீடியோவை மறுபடி ஓட்டிப் பார்த்தது. சிவப்பு போவதாக இல்லை. கடைசியில் எரிச்சல் தாங்காமல், கூட்டுக்கு ஒரு வரியாகச் சேர்த்த தகவலில், பிழைத்த குஞ்சுகளின் எண்ணிக்கை காலியாக இருந்த வரிகளை எல்லாம் மொத்தமாக அழித்துவிட்டு ஓட்டியது.

சிவப்பு மறைந்தது! அழகான வரைபடம் ஒன்று எழும்பி வந்தது. அதில் எல்லாவற்றுக்கும் மேலே நின்றது புங்கமரம்.

"புங்கமரம்தாம்மா! அங்கே ஒரு குஞ்சுகூடச் சாகல."

பறக்க விரித்த இறக்கையை மைனா சட்டென்று மடக்கியது. "அங்கேதானே என் தங்கச்சி கூடு கட்டினா? அப்புறம் ஆளையே காணோம். அவ கூட்டுக்கு எத்தனைன்னு போட்டிருக்கீங்க?"

"அந்த வரியா? அது காலியாத்தான் இருந்துச்சு. நான் போனப்போ பதில் சொல்ல அங்கே யாருமே..."

மரங்கொத்தியின் அலகு அசையாமல் நின்றது.